‘கோர்ட்டுக்குப் போங்க’ என்றவர்களுக்கு மலையகத்திலிருந்து ஒரு திறந்த மடல்

இலங்கை அரசாங்க சேவை ஆணைக்குழுவின் தலைவருக்கும் உறுப்பினர்களுக்கும், மாகாண அரசாங்க சேவை ஆணைக்குழுக்களுக்கும், இவர்களிடமிருந்து அதிகாரம் பெற்று இடமாற்றக் கடிதங்களில் கையொப்பமிடும் செயலாளர்கள், திணைக்களத் தலைவர்களுக்கும்:

இந்த ஆண்டு எங்கள் இடமாற்ற மேன்முறையீடுகளுக்கு வந்த பதில்களை ஒரே மேசையில் பரப்பி வைத்துப் பார்த்தோம். ஒருவருடைய அப்பாவுக்கு வாராவாரம் இரத்தச் சுத்திகரிப்பு செய்ய வேண்டும். இன்னொருவர் கைக்குழந்தைக்காரி. மற்றவர் ஓய்வுபெறும் வயதை நெருங்கிவிட்டவர். மேன்முறையீடுகள் அத்தனையும் வேறு வேறு. பதில் மட்டும் ஒன்றே: “தங்களது மேன்முறையீட்டைச் சாதகமாகப் பரிசீலிக்க முடியாதுள்ளது என்பதை அறியத்தருகிறேன்.” பெயரும் பதவியும்தான் மாறியிருந்தன. ஏன் முடியாதுள்ளது என்று கேட்கப் போன எங்கள் சங்கப் பிரதிநிதிகளிடம் ஒரு திணைக்களத்தின் உயரதிகாரி சொன்ன பதில் இதுதான்: “பிடிக்கலைன்னா கோர்ட்டுக்குப் போங்க. உங்களுக்கு உரிமை இருக்குதானே.”

அந்தத் திணைக்களத்தின் பெயரை நான் எழுதப் போவதில்லை. ஒரு திணைக்களத்தின் பழக்கம் என்றால் அந்தக் கதவையே தட்டியிருப்பேன், இப்படிப் பகிரங்கமாக எழுத வேண்டிய தேவை வந்திருக்காது.

உரிமை இருக்கிறது, உண்மைதான். நுவரெலியா மாவட்டத்தின் ஒரு மூலையில் இருக்கும் எழுதுவினைஞர் ஒருவர் அந்த உரிமையைக் கையில் எடுத்தால் என்ன ஆகிறது என்பதை உங்களில் யாரும் கடைசிவரை கூடப் போய்ப் பார்த்திருக்க மாட்டீர்கள். நான் பார்த்திருக்கிறேன். தொழிற்சங்கத்தின் கிளைச் செயலாளராக மற்றவர்களுடைய கடிதங்களைத் தூக்கிக்கொண்டு அலைந்திருக்கிறேன். இப்போது என் பெயருக்கும் ஒன்று வந்திருக்கிறது.

இடமாற்றமே கூடாது என்று நாங்கள் கேட்கவில்லை. இடமாற்றத்துக்கு உட்பட்ட சேவை என்று தெரிந்தேதான் நியமனக் கடிதத்தை வாங்கினோம். சொல்லப்போனால், ஒழுங்கான இடமாற்றம் யாரைவிடவும் மலையகத்துக்குத்தான் அதிகம் தேவை. தோட்டப் பாடசாலைக்கென்று நியமனம் பெற்று, கடமையேற்ற கையோடு யாரையாவது பிடித்து நகரத்துக்கு ‘இணைப்பு’ (தற்காலிகமாக வேறோர் இடத்தில் வேலை செய்யும் அனுமதி) வாங்கிக்கொண்டு போனவர்களால் கணித ஆசிரியர் இல்லாமல் வருடத்தைக் கழித்த வகுப்புகள் எங்கள் பிள்ளைகளுடையவை. ஆசிரியர்களுக்கு இடமாற்றம் பற்றிய 2007/20 சுற்றறிக்கை இருக்கிறது. கஷ்டப் பிரதேசப் பாடசாலைகளிலும் எல்லோரும் மாறி மாறிச் சேவை செய்ய வேண்டும் என்பதுதான் அதன் நோக்கம். அதை ஒழுங்காக நடைமுறைப்படுத்தினால் முதலில் கைதட்டுவது நாங்களாகத்தான் இருக்கும். தடை உத்தரவு ஒன்றை வாங்கிக்கொண்டு வசதியான நாற்காலியை விடாமல் உட்கார்ந்திருப்பவர்களும் அரச சேவையில் இருக்கிறார்கள். அவர்களுக்காக நான் பேச வரவில்லை.

என் கடிதத்துக்கு வருகிறேன். நான் வேலை செய்த அலுவலகத்தில் தமிழில் வாசித்து எழுதக்கூடிய எழுதுவினைஞர் நான் ஒருத்திதான். நுவரெலியா, பதுளை மாவட்டங்களில் பல பிரதேச செயலகப் பிரிவுகள் இருமொழி நிர்வாகப் பிரிவுகளாக வர்த்தமானியில் பிரகடனப்படுத்தப்பட்டவை என்பது உங்களுக்குத் தெரியும். 1987இல் அரசியலமைப்பின் 13ஆம் திருத்தம் தமிழையும் அரச கரும மொழியாக்கியது. அடுத்த வருடமே 16ஆம் திருத்தம் நிர்வாக மொழி பற்றிய ஏற்பாடுகளை விரிவாக்கியது. காகிதத்தில் குறையில்லை. ஆனால் கவுண்டருக்கு வருகிற ஆள் காகிதத்தைக் கொண்டுதான் வருகிறார், அந்தக் காகிதத்தில்தான் குறை. பிறப்புச் சான்றிதழில் முத்துலெட்சுமி, அடையாள அட்டையில் முத்துலட்சுமி, சேமலாப நிதிப் பதிவில் எம். லெச்சுமி. தமிழில் சொன்ன பெயரைத் தோட்டத்து அலுவலகத்தில் ஆங்கிலத்தில் எழுதி, அதைச் சிங்களத்தில் பதிந்து, அங்கிருந்து மறுபடியும் தமிழாக்கியதில் ஒரே பெண் மூன்று பேராகிவிட்டாள். நாற்பது வருடம் கொழுந்து பறித்த காசை எடுக்க, மூன்று பேரும் ஒரே ஆள்தான் என்று அவள் நிரூபிக்க வேண்டும். 1948இல் பிரஜாவுரிமை பறிபோன ஒரு சமூகத்துக்கு ஆவணம் என்பது சாதாரண விஷயம் இல்லை. 2003இல் சட்டம் வந்து எஞ்சியவர்களுக்கும் பிரஜாவுரிமை கிடைத்தது. ஆனால் அந்தச் சட்டம் எழுத்துப் பிழைகளைத் திருத்தவில்லை. அதைத் திருத்துவதுதான் என் மேசையின் வேலையில் பாதி.

இடமாற்றம் வருவதற்குக் கொஞ்சக் காலத்துக்கு முன்னர், தனக்குச் சிங்களத்தில் மட்டும் கடிதம் அனுப்புகிறார்கள் என்று ஒரு பெரியவர் அரச கரும மொழிகள் ஆணைக்குழுவுக்கு முறைப்பாடு செய்ய விரும்பினார். அவருக்குக் கடிதம் எழுதிக்கொடுத்தேன். அப்புறம் எனக்கு இடமாற்றம் வந்தது. இரண்டுக்கும் சம்பந்தம் உண்டா? உண்டு என்று என்னால் நிரூபிக்க முடியாது, இல்லை என்று உங்களாலும் காட்ட முடியாது. ஏனென்றால் கடிதத்தில் இருந்த ஒரே காரணம் “சேவையின் தேவை கருதி”. அந்தக் கடிதமும் சிங்களத்தில்தான் இருந்தது.

இந்த “சேவையின் தேவை”யைப் பற்றிக் கொஞ்சம் விரிவாகச் சொல்ல வேண்டியிருக்கிறது. 2009 பெப்ரவரி 20ஆம் திகதிய 1589/30 இலக்க அதிவிசேட வர்த்தமானியில் ஆணைக்குழுவே வெளியிட்ட நடைமுறை விதிகள் இடமாற்றங்களை வகை பிரித்தன: வருடாந்த இடமாற்றம், சேவைத் தேவை கருதிய இடமாற்றம், ஒழுக்காற்றுக் காரணங்களுக்கான இடமாற்றம், ஒருவருக்கொருவர் ஒத்துக்கொண்டு பெறும் பரஸ்பர இடமாற்றம். வருடாந்த இடமாற்றத்துக்கு விண்ணப்பம் உண்டு, குழு உண்டு, தொழிற்சங்கப் பிரதிநிதி உண்டு, மீளாய்வு உண்டு. ஒழுக்காற்று என்றால் குற்றச்சாட்டு என்னவென்று ஆளுக்குத் தெரியும். சேவைத் தேவைக்கு மட்டும் இந்தப் படிகள் எதையும் ஏறாமலே ஆளை அனுப்பிவிடுகிறார்கள். நோக்கம் விளங்குகிறது. ஓரிடத்தில் வெள்ளம், தொற்றுநோய், திடீர் மரணம் என்றால் குழு கூடும்வரை காத்திருக்க முடியாது. அப்படியானால் அது அபூர்வமாக நடக்க வேண்டிய ஒன்று. எங்கள் மேசையில் பரப்பி வைத்த கடிதங்களில் பெரும்பாலானவற்றில் இருந்தது அந்த ஒரு சொற்றொடர்தான். என்ன தேவை, எந்த அலுவலகத்தின் தேவை, ஏன் இந்த ஆள்தான் அந்தத் தேவைக்குப் பொருத்தம் என்று ஒரு வரி கிடையாது. தண்டனையாக அனுப்புகிறவரையும் இதே சொற்றொடரில் அனுப்பலாம், எம்.பி. ஒருவருடைய ஆளுக்கு இடம் காலியாக்கவும் இதே சொற்றொடரில் அனுப்பலாம், உண்மையிலேயே ஆள் பற்றாக்குறை என்றாலும் இதே சொற்றொடர்தான். வாங்குகிறவருக்கு வித்தியாசம் தெரியாது.

காரணம் கேட்பது அதிகப்பிரசங்கித்தனம் என்று சில அதிகாரிகள் நினைக்கிறார்கள். 2016ஆம் ஆண்டின் 12ஆம் இலக்கத் தகவலறியும் உரிமைச் சட்டத்தின் 35ஆம் பிரிவை அவர்கள் ஒருதரம் வாசிக்க வேண்டும். ஒரு முடிவால் பாதிக்கப்படுபவர் எழுத்தில் கேட்டால், முடிவெடுத்த அதிகாரி காரணத்தைச் சொல்ல வேண்டும் என்கிறது அது. அதற்கும் வெகுகாலம் முன்பே, வேலைநீக்கம் சம்பந்தப்பட்ட 1997ஆம் ஆண்டு வழக்கொன்றில் நீதியரசர் மார்க் பெர்னாண்டோ, முடிவெடுப்பவர் காரணம் காட்டுவதை இயற்கை நீதியோடு சேர்த்துப் பேசியிருக்கிறார். நானும் தகவலறியும் சட்டத்தின் கீழ் விண்ணப்பம் போட்டேன். பதினான்கு வேலை நாட்களுக்குள் முடிவைச் சொல்ல வேண்டும் என்கிறது சட்டம். இழுத்தடித்து வந்த பதிலில் என் இடமாற்றக் கடிதத்தின் பிரதியை எனக்கே அனுப்பியிருந்தார்கள். குழு கூடியதற்கான கூட்டக் குறிப்பு இல்லை, சிபாரிசு இல்லை, என்னுடைய இடத்துக்கு யார் வருகிறார் என்பதும் இல்லை.

சரி, கோர்ட்டுக்குப் போவோம். எந்தக் கோர்ட்டுக்கு?

நான் கேட்ட முதல் சட்டத்தரணி கேட்ட முதல் கேள்வி, “இந்த முடிவை யாருடைய அதிகாரத்தில் எடுத்திருக்கிறார்கள்?” என்பது. சும்மா கேட்கவில்லை. அரசியலமைப்பின் 55ஆம் உறுப்புரைப்படி அரச உத்தியோகத்தர்களின் இடமாற்ற அதிகாரம் ஆணைக்குழுவிடம் இருக்கிறது. ஆணைக்குழு அதைக் குழுக்களுக்கும் அதிகாரிகளுக்கும் கையளிக்கலாம். அப்படிக் கையளிக்கப்பட்ட அதிகாரத்தில் எடுத்த முடிவு என்றால் 58ஆம் உறுப்புரையின் கீழ் முதலில் ஆணைக்குழுவுக்கு மேன்முறையீடு, அதன்பின் 59ஆம் உறுப்புரையின் கீழ் நிர்வாக மேன்முறையீட்டு நியாயசபை. 61அ உறுப்புரை மற்றைய நீதிமன்றங்களின் கதவைச் சாத்திவிடுகிறது. மிஞ்சுவது 126ஆம் உறுப்புரையின் கீழ் உச்ச நீதிமன்றத்தில் அடிப்படை உரிமை மீறல் மனு. சமத்துவத்தைச் சொல்லும் 12(1)தான் அதற்கு ஆதாரம். மாகாண சேவை என்றால் கதை வேறு. 1987ஆம் ஆண்டின் 42ஆம் இலக்க மாகாண சபைகள் சட்டப்படி அதிகாரம் ஆளுநரிடமிருந்து மாகாண ஆணைக்குழுவுக்கு வருகிறது, அந்த நியாயசபையின் வாசல் அவர்களுக்கு இல்லை, அதிகாரியின் முடிவை ரத்துச் செய்யக் கேட்கும் எழுத்தாணை (ரிட்) மனுவோடு நீதிமன்றம் போக வேண்டும். பிழையான வாசலில் நின்றால் போன நாள் போனதுதான். என் கடிதத்தில் “மேலிடத்து அறிவுறுத்தலின்படி” என்று இருந்தது. எந்த மேலிடம்? சட்டத்தரணிக்கும் விளங்கவில்லை.

அடிப்படை உரிமை மனுவுக்கு ஒரு மாத அவகாசம். இந்த ஒரு மாதத்தை உங்கள் மேன்முறையீட்டு முறையோடு சேர்த்து வைத்துப் பாருங்கள். மேன்முறையீட்டை உரிய வழியூடாக அனுப்ப வேண்டும், அதாவது என்னை இடமாற்றியவருடைய கையாலேயே அது மேலே போக வேண்டும். அவர் மேசையில் அது படுத்துக் கிடக்கும்போதும் நாள் ஓடிக்கொண்டேயிருக்கும். மனித உரிமைகள் ஆணைக்குழுவுக்குப் போனால், 1996ஆம் ஆண்டின் 21ஆம் இலக்கச் சட்டத்தின் 13ஆம் பிரிவின்படி அங்கே விசாரணை நடக்கிற காலம் அந்த ஒரு மாதத்தில் சேராது. நல்ல ஏற்பாடு, கண்டியிலும் பதுளையிலும் பிராந்திய அலுவலகமும் இருக்கிறது. ஆனால் முறைப்பாட்டு இலக்கத்தை மட்டும் காட்டினால் போதாது, விசாரணை உண்மையிலேயே நிலுவையில் இருந்ததைக் காட்ட வேண்டும் என்று உச்ச நீதிமன்றம் கேட்ட வழக்குகளும் உண்டு. திணைக்களத்தின் பதில் நல்லபடியாக வரும் என்று நம்பி உட்கார்ந்திருந்தவர்கள்தான் பெரும்பாலும் அந்த ஒரு மாதத்தைத் தொலைத்தவர்கள். உங்களை நம்பியதற்கு அவர்களுக்குக் கிடைத்தது அது.

அப்புறம் தூரம். உச்ச நீதிமன்றமும் மேன்முறையீட்டு நீதிமன்றமும் புதுக்கடையில். காலையில் வழக்கு என்றால் ஹட்டனிலிருந்து நடுச்சாமத்தில் பஸ் ஏறி, கினிகத்தேனை, கித்துல்கலை, அவிசாவளை என்று வளைந்து வளைந்து இறங்கி விடியலில் கொழும்பில் நிற்க வேண்டும். முகம் கழுவ இடம் தேடி, பைலைத் தூக்கிக்கொண்டு போனால் திகதி தள்ளிப்போயிருக்கும். போனதற்கு லீவும் போட்டிருக்க வேண்டும், அந்த லீவை அனுமதிப்பவரும் பிரதிவாதிதான். சிங்களத்தில் வந்த கடிதங்களைச் சத்தியப்பிரமாண மொழிபெயர்ப்பாளரிடம் கொடுத்து ஆங்கிலமாக்க வேண்டும், ஏனென்றால் மேல் மட்ட நீதிமன்றங்களில் வேலை நடப்பது ஆங்கிலத்தில். சத்தியக் கடதாசியில் எனக்கு விளங்காத ஆங்கிலத்துக்கு நான் கையொப்பம் போட வேண்டும். சிரேஷ்ட சட்டத்தரணி ஒருவர் ஒரு தடவை ஆஜராகக் கேட்கும் தொகை எங்கள் மாதச் சம்பளத்தைத் தாண்டிவிடும். எங்கள் வீடுகளில் பெரும்பாலும் அரச உத்தியோகம் பார்க்கிற முதல் ஆள் நாங்கள்தான். சம்பளத்தில் பாதி கடனுக்கும் தங்கச்சி தம்பி படிப்புக்கும் ஏற்கெனவே போய்விட்டது. இதையெல்லாம் அந்த உயரதிகாரி “உரிமை இருக்குதானே” என்ற இரண்டு சொல்லில் முடித்துவிட்டார்.

இன்னொரு பொறியும் இருக்கிறது. வழக்கு முடியும்வரை போகாமல் இருக்கலாமா? இருந்தால் வேலையைத் தானாகவே கைவிட்டதாகக் கருதுவோம் என்று கடிதம் வரும், சம்பளமும் நிற்கும். அதனால் எல்லாச் சட்டத்தரணியும் சொல்கிற புத்தி, “ஆட்சேபனையோடு போய்க் கடமையேற்றுவிட்டு அப்புறம் வழக்குப் போடுங்க.” போய்க் கடமையேற்றால் அடுத்த தவணையில் உங்கள் தரப்பு எழுந்து நின்று, மனுதாரர்தான் புதிய இடத்தில் வேலை செய்கிறாரே, இனி இடைக்கால உத்தரவுக்கு என்ன அவசரம் என்று கேட்கும். போனாலும் எதிராகிறது, போகாவிட்டாலும் எதிராகிறது. நான் போனேன். இப்போது ஒரு போர்டிங் அறையிலிருந்துதான் எழுதுகிறேன்.

எங்களுடைய சக ஊழியர் ஒருவர் இத்தனையையும் தாண்டி மனுத் தாக்கல் செய்தார். மனுவை ஏற்பதா என்று நீதிமன்றம் பார்க்க எடுப்பதற்கு முன்னரே திணைக்களம் இறங்கி வந்தது: இடமாற்றத்தை ரத்துச் செய்கிறோம், வழக்கை வாபஸ் வாங்குங்கள். அவர் வாங்கினார். குறை சொல்ல மாட்டேன், நானாக இருந்தாலும் வாங்கியிருப்பேன். ஆனால் அதனால் என்ன நடந்தது? அந்த இடமாற்றம் சரியா பிழையா என்று எந்த நீதிமன்றமும் சொல்லவில்லை. திணைக்களம் எதையும் ஒத்துக்கொள்ளவில்லை. அடுத்த மாதம் அதே வாசகத்தோடு இன்னொருவருக்குக் கடிதம் போனது. பாதுகாக்க முடியாத இடமாற்றம் என்று உங்களுக்கே தெரிந்திருக்கிறது, இல்லாவிட்டால் ஒரு மனுவைப் பார்த்ததும் ஏன் பின்வாங்க வேண்டும்? அப்படியென்றால் மனுப் போட வசதியில்லாத மற்றவர்களுக்கும் அது பாதுகாக்க முடியாத இடமாற்றம்தானே? வழக்குப் போட்டவருக்கு ஓர் அடைமொழியும் கிடைத்தது. அலுவலகத்தில் இப்போது அவர் பெயர் ‘கோர்ட் கேஸ்’. பதவியுயர்வுப் பரிந்துரை வரும்போது அந்த அடைமொழி நினைவுக்கு வராது என்று யார் உத்தரவாதம் தருவது?

இடமாற்றம் வந்தவுடன் மலையகத்தில் எல்லோரும் சொல்கிற முதல் யோசனை சட்டத்தரணியைப் பாருங்கள் என்பதில்லை, “யாரையாவது பிடிங்க” என்பதுதான். அமைச்சரின் செயலாளர், தொழிற்சங்கப் பெரியவர், எதிர்க்கட்சியில் இருந்தாலும் பழக்கமானவர். பிடித்தவர்களுக்குக் கென்சல் ஆகிவிடுகிறது. 17ஆம் திருத்தத்தில் தொடங்கி ஆணைக்குழுக்களைச் சுயாதீனமாக்க நடந்த சட்டப் போராட்டங்கள் எல்லாம் இந்த ‘பிடிப்பதை’ இல்லாமல் ஆக்கத்தானே? ஒரு மேன்முறையீட்டுக்குக் காரணத்தோடு உரிய நேரத்தில் பதில் கொடுத்தால் யாரும் யாரையும் போய்ப் பிடிக்க மாட்டார்கள். எங்கள் சங்கத்துக்கும் வேலை குறையும், அதில் எனக்கு வருத்தமில்லை.

நான் விட்டுவந்த கவுண்டரில் எனக்குப் பதிலாக யாரும் வரவில்லை. தோட்டத்திலிருந்து வருகிறவர்கள் சிங்களம் தெரிந்த பள்ளிப் பிள்ளையைக் கையில் பிடித்துக்கொண்டு வருகிறார்கள் என்று அங்கிருப்பவர்கள் சொல்கிறார்கள். 2007 ஜூலை 1க்குப் பின்னர் சேர்ந்த உத்தியோகத்தர் ஐந்து வருடத்துக்குள் இரண்டாவது அரச கரும மொழியில் தேர்ச்சி பெற வேண்டும் என்று 7/2007 அரசாங்க நிர்வாகச் சுற்றறிக்கை சொன்னது. சான்றிதழ்கள் வந்திருக்கின்றன. பிள்ளையின் கையை விடுகிற அளவுக்குத் தமிழ் வரவில்லை. அம்பகமுவ போன்ற பிரிவில் 2012 குடிசன மதிப்பீட்டின்படியே இரண்டு லட்சத்துக்கும் மேல் மக்கள். சுமை தாங்காமல்தான் நுவரெலியா மாவட்டத்தின் ஐந்து பிரதேச செயலகங்களைப் பத்தாக்கும் தீர்மானம் வந்தது. நோர்வூட், தலவாக்கலை என்று புதிய பெயர்ப்பலகைகள் வந்தன. பலகையின் பின்னால் உட்கார்ந்து தமிழில் எழுதும் ஆளைச் “சேவையின் தேவை கருதி” எடுத்துக்கொண்டு போனால், எந்தச் சேவையின் தேவை அது?

“மாவட்டத்துக்குள்ளேதானே போடுகிறோம்” என்ற பதிலையும் அடிக்கடி கேட்கிறோம். பொகவந்தலாவையும் வலப்பனையும் ஒரே மாவட்டம். பொகவந்தலாவையில் இருந்து ஹட்டனுக்கு ஒரு பஸ், அங்கிருந்து தலவாக்கலை வழியாக நுவரெலியாவுக்கு இன்னொன்று, அப்புறம் கந்தப்பளை, ராகலை வழியாக வலப்பனைக்கு மூன்றாவது. இந்தப் பக்கம் தென்மேற்குப் பருவமழையில் மண் சரியும், அந்தப் பக்கம் வடகிழக்கில் சரியும். தினமும் போய் வர முடியாது என்பதைக் கொழும்பில் இருந்து வரைபடம் பார்ப்பவருக்கு யாரும் சொல்வதில்லை. தாழ்நில மாவட்டத்தில் மாவட்டம் விட்டு மாவட்டம் போகிறவர் சில நேரம் எங்களைவிடச் சீக்கிரம் வீட்டுக்குப் போய்விடுவார். அரச விடுதி இல்லாத இடத்தில் தனியாகப் போகும் பெண் உத்தியோகத்தருக்கு அறை தேடுவது எவ்வளவு பெரிய பாடு என்பதை இங்கே எழுத வேண்டியதில்லை, உங்கள் அலுவலகப் பெண்களைக் கேட்டாலே சொல்வார்கள்.

என் இடமாற்றத்தை ரத்துச் செய்யுங்கள் என்று இந்த மடலில் கேட்கவில்லை. அதற்கு என் மேன்முறையீடு இருக்கிறது, அதை அதன் வழியில் பார்த்துக்கொள்கிறேன். உங்களிடம் கேட்பது இவை.

ஒவ்வோர் இடமாற்றக் கடிதத்திலும் மூன்று விடயங்களைக் கட்டாயமாக எழுதச் செய்யுங்கள்: எந்த விதியின் கீழ், யார் கையளித்த அதிகாரத்தில் முடிவு எடுக்கப்பட்டது, இந்த ஆளை இந்த இடத்துக்கு அனுப்புவதற்கான குறிப்பான காரணம் என்ன, யாரிடம், எத்தனை நாட்களுக்குள் மேன்முறையீடு செய்யலாம். “சேவையின் தேவை கருதி” என்று மட்டும் எழுதிய கடிதத்தை ஆணைக்குழு ஏற்காது என்று எல்லாத் திணைக்களங்களுக்கும் அறிவியுங்கள். தமிழ் உத்தியோகத்தருக்குத் தமிழில் கொடுங்கள்.

உரிய காலத்துக்குள் கொடுத்த மேன்முறையீட்டுக்குக் காரணத்தோடு முடிவு வரும்வரை அந்த உத்தியோகத்தரை விடுவிக்க வேண்டாம் என்று விதி செய்யுங்கள். உண்மையான அவசரம் என்றால் அந்த அவசரம் என்னவென்று எழுதிவிட்டு அனுப்புங்கள். திணைக்களத் தலைவர் இரண்டு வாரத்துக்குள் மேன்முறையீட்டை மேலே அனுப்பாவிட்டால், உத்தியோகத்தர் நேரடியாக அனுப்பிய முற்பிரதியையே மேன்முறையீடாக எடுத்துக்கொள்ளுங்கள். அந்த மேன்முறையீடுகளைக் கேட்க நுவரெலியாவிலோ பதுளையிலோ அமர்வு வையுங்கள், முடியாவிட்டால் காணொளி வழியாகக் கேளுங்கள்.

இருமொழி நிர்வாகப் பிரிவுகளில் தமிழில் கருமமாற்றும் உத்தியோகத்தரை, அதே தகுதியுள்ள பதிலாள் கடமையேற்கும் முன்னர் விடுவிக்கக் கூடாது. தூரத்தை மாவட்ட எல்லையை வைத்து அளக்காமல் பஸ் ஓடுகிற வீதியையும் பயண நேரத்தையும் வைத்து அளக்கும்படி இடமாற்றச் சபைகளுக்குப் பணிப்புரை கொடுங்கள்.

வழக்குப் போட்டதும் ரத்துச் செய்யப்படும் ஒவ்வோர் இடமாற்றத்தைப் பற்றியும், அது ஏன் செய்யப்பட்டது, ஏன் ரத்தானது என்று திணைக்களத்திடம் அறிக்கை கேளுங்கள். பெயர்களை நீக்கி அதைப் பகிரங்கப்படுத்துங்கள். வழக்குப் போட்டவர்களின் பதவியுயர்வும் வேதனவேற்றமும் அதன்பின் நிறுத்தப்பட்டிருக்கிறதா என்று ஆணைக்குழுவே பார்க்க வேண்டும்.

கடைசியாக ஒன்று. இந்த ஆண்டு மத்திய, ஊவா மாகாணங்களில் சேவைத் தேவை என்ற பெயரில் நடந்த இடமாற்றங்கள் எத்தனை, அவற்றில் எத்தனைக்குக் கோப்பில் காரணம் இருக்கிறது என்பதைத் திணைக்களங்களிடம் கேட்டு வெளியிடுங்கள். காரணம் இல்லாதவற்றை அடுத்த ஜனவரி 1க்கு முன்னர் மீளாய்வுக் குழுவுக்கு அனுப்புங்கள்.

இப்படிக்கு,
மலையகத்தில் பணிபுரியும் ஓர் அரசாங்க எழுதுவினைஞர், தொழிற்சங்கக் கிளைச் செயலாளர்